அழாத குழந்தை

அந்தக் கை என்னுதுதான் தம்பி. போட்டோவை இப்படிக் கொடுங்க, கண்ணாடியைப் போட்டுக்கிறேன். ஆமா. மந்திரி நிக்கிறாரு, அவர் தோள்ல குழந்தை, குழந்தையோட தலைக்குப் பின்னாடி ஒரு கை வருது பாருங்க. வெள்ளை ஜிப்பா, மணிக்கட்டுல கடிகாரம். அது நான். தாலுக்கா கமிட்டிச் செயலாளர் குஞ்சிதபாதம். எழுதிக்கங்க. கைக்குக் கீழேயே எழுதிக்கங்க.

நியூஸ் ரீல்ல வந்த ஆளுங்களையெல்லாம் தேடிக்கிட்டு மெட்ராஸ்லேருந்து வர்றேன்னு நீங்க கடுதாசி போட்டப்பவே என் சம்சாரத்துக்கிட்ட சொன்னேன், பாத்தியா, முப்பத்தஞ்சு வருஷம் கழிச்சாவது ஒருத்தன் கேக்க வந்தான்னு. அவ எந்திரிச்சு அடுப்படிக்குப் போயிட்டா. அவளுக்கு அந்தப் படத்தைப் பத்திப் பேசினாலே ஆகாது. அது கிடக்கட்டும்.

இப்ப உள்ளவங்களுக்கு நியூஸ் ரீல்னா என்னன்னே தெரியாது. அப்ப பத்திரிகை படிக்கத் தெரிஞ்சவன் ஊருக்கு நாலு பேர். தலைவருங்க மூஞ்சியெல்லாம் ஜனங்களுக்கு எங்கேருந்து தெரியும்? கொட்டகைக்குப் படம் பாக்கப் போனா, படத்துக்கு முன்னாடி பத்து நிமிஷம் ஓடும். அணைக்கட்டு, வெள்ளம், மாநாடு, மந்திரி ரிப்பன் வெட்டுறது. அதுல ஒரு தடவை மூஞ்சி வந்துட்டா போதும், அவன் பெரிய மனுஷன். பக்கத்து ஜில்லாவுல ஒருத்தன், பேரு வேண்டாம், என்னைவிடச் சின்ன ஆளு. ஒரு மந்திரி பாலம் திறந்தப்ப மழை வந்துச்சு, இவன் ஓடிப்போய்க் குடை பிடிச்சான். அவ்வளவுதான் பண்ணினான். குடையும் அவனும் நியூஸ் ரீல்ல வந்துட்டாங்க. அடுத்த வருஷம் அவன் ஜில்லா போர்டுல இருந்தான். நான் அதைக் கொட்டகையில உக்காந்து பாத்தேன் தம்பி. மூணு தடவை பாத்தேன். குடை பிடிக்கிறதுக்கு ஒரு பதவின்னா, எனக்கு என்ன இல்லைன்னு நினைச்சேன்.

அந்தச் சமயத்துலதான் புயல் வந்துச்சு. அதுக்கு முந்தின மாசம்தான் எங்க தொகுதி எம்.எல்.ஏ. காலமாயிருந்தாரு. இடைத்தேர்தல் வரப்போவுது, ஆளு தேடுறாங்க. எல்லாம் ஒரே நேரத்துல கூடி வந்துச்சு பாருங்க.

வெள்ளிக்கிழமை அடிச்சுது புயல். எங்க கரையோரம் பூரா கூரை ஒண்ணு மிச்சமில்லை. கரைப்பாக்கம்னு ஒரு ஊரு, கூலிக்காரங்க ஊரு, அங்க கடல் தண்ணி உள்ள வந்து போயிருந்துச்சு. கிணறெல்லாம் உப்பு. ஞாயித்துக்கிழமை சர்க்கார் லாரி வந்துச்சு. அரிசி மூட்டை, பருப்பு, பெரிய அண்டா நாலு, சேலை ஒரு கட்டு. அந்த ஊர்ப் பள்ளிக்கூடம் மட்டும் ஓட்டுக் கட்டடம், நின்னுது. அதுல இறக்கினோம். கஞ்சித்தொட்டி திறக்கிறதுக்கு.

திங்கக்கிழமை மந்திரியோட ஆள்கிட்டேருந்து சேதி வந்துச்சு. நியூஸ் ரீல்காரங்க மெட்ராஸ்லேருந்து கிளம்பிட்டாங்க, வழியில மரம் விழுந்து கார் நிக்குது, அவங்க வந்து சேர்ந்ததும்தான் மந்திரி கரைப்பாக்கம் வருவாருன்னு. அவ்வளவுதான் சேதி. மந்திரி வர்றவரைக்கும் கஞ்சி ஊத்தாதேன்னு யாரும் சொல்லலை. நானாத்தான் புரிஞ்சுக்கிட்டேன். அரசியல்ல அதுதான் தம்பி வேணும். சொல்லாததைப் புரிஞ்சுக்கணும். மந்திரி வந்து கரண்டியைத் தொட்டுத் துவக்கி வைக்கிற தொட்டியில, ரெண்டு நாள் முன்னாடியே தின்னு முடிச்சவன் வந்து வரிசையில நிப்பானா? நின்னாலும் மூஞ்சியில ஒரு பசி தெரியுமா? படம் எடுக்கிறவன் என்னத்தை எடுப்பான்?

பள்ளிக்கூடத்து வாத்தியார் லூர்துசாமின்னு ஒருத்தர். சாவி அவர்கிட்ட இருந்துச்சு. அவர் அடுப்பு மூட்டப் போனாரு. நான் போய்த் தடுத்தேன்.

"சார், புள்ளைங்க மூணு நாளா சாப்பிடலை"ன்னாரு.

"மூணு நாள் இருந்தவங்க இன்னும் ஒரு நாள் இருக்க மாட்டாங்களா? மந்திரி வர்றாரு வாத்தியாரே."

"மந்திரிக்கு வேற அண்டாவுல காய்ச்சிக்கலாம். இதுல இப்ப ஊத்துவோம்."

"சாவியைக் கொடுங்க"ன்னேன்.

அவர் என்னைப் பாத்தாரு. மாத்தல் உத்தரவு வாங்குறது எனக்குப் பெரிய காரியமில்லைன்னு அவருக்குத் தெரியும். கொடுத்துட்டாரு. நான் கோபமாக்கூடப் பேசலை. மரியாதையாத்தான் கேட்டேன்.

ஒரு நாள்னு சொன்னேனா, அது புதன்கிழமை ஆயிப்போச்சு. அதுக்கு நான் என்ன பண்றது? மரம் விழுந்ததுக்கு நானா பொறுப்பு?

புதன்கிழமை காலையில ஊரே வரிசையில நிக்குது. விடிஞ்சதுலேருந்து நிக்குதுங்க. நான்தான் வரிசை கட்டினேன். பொம்பளைங்க முன்னாடி, புள்ளை வச்சிருக்கிறவங்க அதுக்கும் முன்னாடி. புயலுக்கு அப்புறம் அடிக்கிற வெயில் இருக்கே, அது தனி வெயில். உள்ள கஞ்சி கொதிக்குது, வாசனை வருது. கேமராக்காரர் நஞ்சுண்டன்னு பேரு, ஒல்லியான மனுஷர், பத்து மணிக்கு வந்து இறங்கினாரு. வந்ததுமே, "கஞ்சியில ஆவி நல்லாத் தெரியணும் சார், கொதிக்க விட்டுக்கிட்டே இருங்க"ன்னாரு. அதையும் பாத்துக்கிட்டேன். எரிமுட்டை நனைஞ்சு கிடந்துச்சு, என் மாட்டுக்கொட்டாயிலேருந்து காய்ஞ்ச விறகு வரவழைச்சேன். அதையெல்லாம் யாரு எழுதுறா?

பதினொரு மணிக்கு மந்திரி வந்தாரு. மத்த மந்திரிங்கல்லாம் அப்ப கேமராவைக் கண்டா மரம் மாதிரி நிப்பாங்க, இல்லேன்னா அதையே முறைச்சுப் பாப்பாங்க. இவரு அப்படி இல்லை. காரைவிட்டு இறங்கினதும், "வெளிச்சம் எந்தப் பக்கம்யா?"ன்னுதான் முதல்ல கேட்டாரு. மேல்துண்டை ஒரு பக்கமா இழுத்துவிட்டுக்கிட்டாரு. எவ்வளவு கத்துக்கலாம் தம்பி அவர்கிட்ட!

கரண்டியைத் தொட்டாரு, ஒரு கிழவிக்குக் கஞ்சி ஊத்துற மாதிரி எடுத்தாங்க. அப்புறம் கேமராக்காரர் சொன்னாரு, ஒரு குழந்தையைத் தூக்கி வச்சுக்கிட்டா நல்லா இருக்கும்னு. முன்னாடி நின்னவகிட்டேருந்து ஒண்ணை வாங்கிக் கொடுத்தேன். மந்திரி கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தாரு, அதைப் பாத்ததும் வீல்னு கத்துச்சு. இன்னொண்ணு கொடுத்தேன், அது அவர் துண்டைப் பிடிச்சு இழுத்து அழுவுது. மூணாவது ஒண்ணு, அது சட்டையிலேயே போயிருச்சு. மந்திரிக்கு முகம் மாறுது. கேமராக்காரர் என்கிட்ட வந்து, "பிலிம் கொஞ்சம்தான் இருக்கு சார். அழாத குழந்தை ஒண்ணு பிடிங்க"ன்னாரு.

வரிசையோட நடந்தேன். எல்லாமே அழுவுதுங்க, இல்லேன்னா அழத் தயாரா இருக்குதுங்க. பாதி வரிசையில ஒருத்தி நின்னா. காத்தாயின்னு பேரு, கரைப்பாக்கத்துக்காரி, புருஷன் புயல்ல போயிட்டான். தோள்ல ரெண்டு வயசுப் பொம்பளைப் புள்ளை. செவந்தின்னு பேராம். அது சத்தமே இல்லாம கிடந்துச்சு.

"தூங்குதா?"ன்னு கேட்டேன்.

"காலையிலேருந்து கண்ணைத் தொறக்கலைங்கய்யா. நேத்தெல்லாம் வயித்தால போச்சு. ரெண்டு வாய் கஞ்சி கொடுத்தா முழிச்சுக்கும்."

"நல்லதாப் போச்சு, கொடு."

"அய்யா, ஒரு வாய் ஊத்திட்டுத் தர்றேன். ஒரே வாய்."

"ஊத்தினா முழிச்சுக்கும்னு நீயே சொல்றே. முழிச்சா அழும். முதல்ல படம், அப்புறம் கஞ்சி. உனக்குத்தான் முதல் கஞ்சி, போதுமா?"

எத்தனை பேர் இருக்கிற வரிசையில அவளுக்கு முதல் கஞ்சின்னேன்! அதை நன்றியா நினைச்சாளா? கடைசிவரைக்கும் இல்லை.

மந்திரி தோள்ல போட்டேன். அழலை. கம்முன்னு கிடந்துச்சு. "அருமையான குழந்தை"ன்னாரு மந்திரி. கேமராக்காரர் ஓட்ட ஆரம்பிச்சாரு. முதல் தடவை மேகம் மறைச்சுக்கிச்சு. ரெண்டாவது தடவை மந்திரி, நான் சிரிக்கணுமா வருத்தமா இருக்கணுமான்னு கேட்டாரு, அதுல போச்சு. மூணாவது தடவை... அது என்னால போச்சுன்னு சொல்வாங்க. நான் மந்திரிக்குப் பக்கத்துல நின்னு கேமராவைப் பாத்தேன். மூஞ்சி தெரியணும்ல? நஞ்சுண்டன் நிறுத்திட்டு, "சார், நீங்க கேமராவைப் பாக்காதீங்க, கொஞ்சம் தள்ளிக்குங்க"ன்னாரு. எல்லார் முன்னாடியும் சொன்னாரு. நான் தள்ளிக்கிட்டேன். ஆனா குழந்தையோட தலை நிக்கலை. பின்னாடி பின்னாடி சாயுது. யாராவது பிடிக்கணும்ல? அதான் நாலாவது தடவை ஓரமா நின்னு கையை நீட்டித் தாங்கிக்கிட்டேன். அந்தக் கைதான் இது.

தலை ஜில்லுன்னு இருந்துச்சு தம்பி. அந்த வெயில்ல எப்படி இவ்வளவு குளிர்ச்சியா இருக்குன்னு நினைச்சேன். சில உடம்பு வாகு அப்படின்னு விட்டுட்டேன். அப்ப உயிர் இருந்துச்சா இல்லையான்னு எனக்கு எப்படித் தெரியும்? நான் டாக்டரா?

படம் எடுத்து முடிச்சாங்க. சொன்ன சொல்லு தவறலை, காத்தாயிக்குத்தான் முதல் கஞ்சி. கொட்டாங்கச்சியில வாங்கிக்கிட்டுக் கீழ உக்காந்தா. விரலால தொட்டுத் தொட்டு ஊதி, புள்ளை வாயில வச்சா. கஞ்சி கடைவாய் வழியா வெளிய வருது. துடைச்சுட்டு மறுபடி வைக்கிறா. மறுபடி வருது. லூர்துசாமி வாத்தியார் குனிஞ்சு புள்ளையோட கையைப் பிடிச்சுப் பாத்தாரு. நிமிந்து என்னைப் பாத்தாரு. அப்பதான் எனக்கு விளங்குச்சு.

மந்திரி அந்தப் பக்கம் பேச ஆரம்பிச்சுட்டாரு. கேமரா இன்னும் அங்கதான் நிக்குது. இவ வாயைத் திறந்து ஒரு சத்தம் போட்டா என்ன ஆவும்? நம்ம ஆளுங்க ரெண்டு பேரைக் கூப்பிட்டேன். பள்ளிக்கூடத்துக்குப் பின்னாடி கூட்டிக்கிட்டுப் போயி உக்கார வைங்க, மந்திரி கார் கிளம்புறவரைக்கும் சத்தம் வரக்கூடாதுன்னேன். ஒருத்தன் அவ வாயைப் பொத்திக்கிட்டான். முக்கால் மணி நேரம் பேசினாரு மந்திரி. சத்தம் வரலை. கார் ஏறும்போது மந்திரி என் தோளைத் தட்டி, "நல்ல ஏற்பாடுய்யா"ன்னாரு. அந்த வார்த்தை போதும்னு இருந்துச்சு எனக்கு.

மூணு மாசம் கழிச்சு நியூஸ் ரீல் எங்க ஊர் டெண்ட் கொட்டகைக்கு வந்துச்சு. நான் ஊரெல்லாம் சொல்லி வச்சிருந்தேன். சம்சாரம், மாமனார், மச்சான், பங்காளிங்க, எல்லாரையும் கூட்டிக்கிட்டுச் சாயங்கால ஆட்டத்துக்குப் போனேன். முன்வரிசை நாற்காலி. படம் ஓடுது, அந்தக் கம்பீரமான குரல் பேசுது. "தாயினும் சாலப் பரிந்து ஓடி வந்தார் அமைச்சர். பால்மணம் மாறாப் பச்சிளங்குழந்தை அவரது அரவணைப்பில் கவலை மறந்து கண்ணுறங்குகிறது." குழந்தை வருது, மந்திரி வர்றாரு, கை வருது. அடுத்தது வேற ஏதோ குதிரைப் பந்தயம்.

"எங்க நீங்க?"ன்னா என் சம்சாரம்.

"அந்தக் கை"ன்னேன்.

"எந்தக் கை?"

மச்சான் சிரிச்சான். அந்தச் சிரிப்பு இன்னும் எனக்குக் காதுல இருக்கு. ஒரு மனுஷன் அவ்வளவு பாடுபட்டு, விறகு கொடுத்து, வரிசை கட்டி, குழந்தை தேடிக் கொடுத்து, கடைசியில ஒரு கை. நஞ்சுண்டன் நினைச்சிருந்தா கேமராவை இந்தாண்ட ரெண்டு அங்குலம் திருப்பியிருக்க முடியாதா? சொல்லுங்க.

சரி, கையாவது வந்துச்சேன்னு மறுநாளும் போனேன். அன்னிக்குத்தான் காத்தாயியைப் பாத்தேன். யாரோ சொல்லியிருக்கான் அவகிட்ட, உன் புள்ளை படத்துல வருதுன்னு. நாலு மைல் நடந்து வந்திருக்கா. வாசல்ல நிக்கிறவன் பாவம்னு உள்ள விட்டுட்டான். மணல்ல, திரைக்கு அடியில போயி உக்காந்திருந்தா. நியூஸ் ரீல் முடிஞ்சதும் எழுந்து போயிட்டா. படம் பாக்கலை. மறுநாளும் வந்தா. அதுக்கு மறுநாளும் வந்தா. அழக்கூட மாட்டா. அந்த இடம் வர்றப்ப முட்டி போட்டு எந்திரிச்சு அண்ணாந்து பாப்பா, போனதும் உக்காந்துக்குவா.

அவ பாட்டுக்குப் பாத்துட்டுப் போயிருந்தா எனக்கு ஒண்ணுமில்லை. ஆனா ஜனம் படத்தைப் பாக்காம அவளைப் பாக்க ஆரம்பிச்சுது. அந்தக் குழந்தை செத்ததுன்னு கொட்டகை பூரா பேச்சு. "கண்ணுறங்குகிறது"ன்னு அந்தக் குரல் சொல்றப்ப பொம்பளைங்க பக்கத்துலேருந்து ஒரு சத்தம் வரும். ஒருத்தன் இருட்டுலேருந்து, "அந்தக் கை யாருது?"ன்னு கேட்டான். முந்தாநாள்வரைக்கும் யாருக்கும் தெரியாத கை, அன்னிக்கு எல்லாருக்கும் தெரிஞ்சுபோச்சு.

ஜில்லா கமிட்டியிலேருந்து ஆளு வந்து விசாரிச்சான். இடைத்தேர்தலுக்கு என் பேரை எழுதி மேல அனுப்பியிருந்த நேரம். ஒரே வாரத்துல வேற ஒருத்தன் பேரு வந்துருச்சு. அவ்வளவுதான் தம்பி என் அரசியல். ஒரு கூலிக்காரி மணல்ல உக்காந்தே முடிச்சுட்டா. நான் அவளுக்கு என்ன கெடுதல் பண்ணினேன்? மந்திரி கையில புள்ளை இருந்துச்சே, எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

ஆபரேட்டர் காசிம் பாய்கிட்டப் போனேன். அந்த நியூஸ் ரீலை எடுத்துருங்கன்னேன். "முடியாது அண்ணே, நியூஸ் ரீல் ஓட்டாம படம் ஓட்டக்கூடாது, சட்டம். ரெண்டு வாரத்துக்கு வந்த பெட்டி இது ஒண்ணுதான். இன்னும் நாலு நாள் ஓடணும்"னாரு. யோசிச்சுக்கிட்டே வெளிய வர்றேன், காத்தாயி கொட்டகை வாசல்ல நிக்கிறா. என் காலைத் தொட வந்தா.

"அய்யா, அந்த இடத்துல கொஞ்சம் நிறுத்தச் சொல்லுங்கய்யா. மூஞ்சியைப் பாக்குறதுக்குள்ள ஓடிப்போயிருது. கண்ணு எப்படி இருந்துச்சு, மூக்கு எப்படி இருந்துச்சுன்னே மறந்துருச்சுங்க எனக்கு. ஒரே ஒரு தடவை."

திரும்ப உள்ள போயி காசிம் பாயைக் கேட்டேன், அப்படி நிறுத்த முடியுமான்னு.

"ஐயையோ, நிறுத்தினா அவ்வளவுதான். விளக்குச் சூடு அப்படி. பிலிம் ஓடிக்கிட்டே இருக்கணும், நின்னா பொசுங்கிரும்."

"அப்படியா?"ன்னேன்.

"அப்படித்தான்."

"நிறுத்துங்க"ன்னேன்.

அவரு என்னையே பாத்தாரு. மாட்டேன்னாரு. அந்தம்மா தினம் நடந்து வருதுன்னு ஏதேதோ சொன்னாரு. கொட்டகை நிக்கிற மனை என் மாமனார் மனை. அதை ஞாபகப்படுத்தினேன். மெஷினைத் துடைச்சுக்கிட்டே சரின்னாரு.

மறுநாள் காத்தாயியை நானே கைகாட்டிக் கூப்பிட்டேன். மணல்ல வேண்டாம்னு என் பக்கத்து நாற்காலியில உக்கார வச்சேன். அவ உக்கார மாட்டேங்கிறா, கூச்சம். "உக்காரு, உனக்காகத்தான் நிறுத்தச் சொல்லியிருக்கேன், நல்லாப் பாத்துக்க"ன்னேன். கும்பிட்டா தம்பி என்னை. ரெண்டு கையையும் தலைக்கு மேல தூக்கிக் கும்பிட்டா.

நியூஸ் ரீல் வந்துச்சு. அந்த இடம் வந்துச்சு. குரல் இழுத்துக்கிட்டே போயி நின்னுது. படமும் நின்னுது. திரை முழுக்க அந்தப் புள்ளையோட மூஞ்சி. காத்தாயி எந்திரிச்சு நின்னுட்டா. "செவந்தீ"ன்னா. கூப்பிடுற மாதிரி சொன்னா, விளையாடப் போன புள்ளையைக் கூப்பிடுவாங்களே, அந்த மாதிரி.

எண்ணி மூணு எண்ணுறதுக்குள்ள கன்னத்துல ஒரு பழுப்புப் புள்ளி வந்துச்சு. புள்ளி கொப்புளமாச்சு. கொப்புளம் உடைஞ்சு, ஓரமெல்லாம் கருகிக்கிட்டே விரியுது, மூக்கு போச்சு, கண்ணு போச்சு. கொட்டகையே "ஐயோ"ன்னுச்சு. இவ ஓடினா. மணல்ல ஆளுங்களை மிதிச்சுக்கிட்டு ஓடினா. திரையில ஏறி, முந்தானையைச் சுருட்டிக்கிட்டு, அந்த நெருப்பைப் போட்டு அடிக்கிறா. "அணைங்கய்யா, அணைங்கய்யா, புள்ளை எரியுது"ன்னு கையால அடிக்கிறா. துணியில ஏது தம்பி நெருப்பு? நெருப்பு அங்க மெஷின்லல்ல இருக்கு! எனக்குச் சிரிப்பு வந்துருச்சு.

பிலிம் அறுந்து திரை வெள்ளையாப் போச்சு. அப்பவும் அடிச்சுக்கிட்டே இருந்தா. காசிம் பாய் என்ன பண்ணுவாரு, அடுத்த ரீலை மாட்டிப் படத்தைப் போட்டுட்டாரு. பாட்டோட ஆரம்பிக்கிற படம். கதாநாயகி ஆடுறா, இவ திரைக்கு முன்னாடி கையைத் தொங்கப் போட்டுக்கிட்டு நிக்கிறா, பாதிப் படம் இவ முதுகு மேல ஓடுது. கொட்டகை நிறைய ஜனம், ஒருத்தன் வாயைத் திறக்கலை. கடைசியில நான்தான் சொல்ல வேண்டியிருந்துச்சு, உக்காரு, மறைக்குதுன்னு.